மயிலை சின்னத்தம்பி ராஜாவும் நமது தனித்தொகுதிகளும்

போட்டித் தேர்வுக்குப் படிக்கும் நம் பிள்ளைகளுக்கு எம்.சி. ராஜா என்பவர் இரண்டு ஒற்றை வரி விடைகள். ஆதிதிராவிடர் என்ற பெயரை அரசு ஆவணத்தில் ஏற்றத் தீர்மானம் கொண்டுவந்தவர் யார் என்று கேட்டால் அவர் பெயர். 1932-இல் மூஞ்சேயுடன் ஒப்பந்தம் செய்துகொண்டவர் யார் என்று கேட்டாலும் அவர் பெயர். நம் இயக்க மேடைகளில் மூன்றாவதாக ஒன்றும் சேரும்: அண்ணல் அம்பேத்கருக்கு எதிர்ப்பக்கம் போனவர். இந்த மூன்றையும் மனப்பாடம் செய்த ஒரு மாணவரிடம், நாம் இன்று வாக்களிக்கும் தனித்தொகுதி யார் வகுத்த திட்டத்தை ஒத்திருக்கிறது என்று கேட்டுப் பாருங்கள். பூனா ஒப்பந்தம் என்றுதான் பதில் வரும். அந்தப் பதில் பாதிதான் சரி. மீதிப் பாதியை அறிய ராஜாவின் வாழ்க்கையை முதலிலிருந்து பார்க்க வேண்டும்.

அவர் பெயரில் உள்ள எம். என்ற எழுத்து மயிலையைக் குறிக்கிறது. சி. என்பது தந்தை பெயரான சின்னத்தம்பி. நூறு ஆண்டுகளுக்கு முன் சென்னை அரசியலில் மயிலாப்பூர் என்று சொன்னால் ஊர் நினைவுக்கு வராது, ஒரு கோஷ்டிதான் நினைவுக்கு வரும். பாஷ்யம் ஐயங்கார், சுப்பிரமணிய ஐயர், கிருஷ்ணசாமி ஐயர், சிவசாமி ஐயர் என்று உயர் நீதிமன்றத்தையும் பல்கலைக்கழகத்தையும் கவர்னரின் நிர்வாகக் குழுவையும் எட்டிப் பிடித்த வழக்கறிஞர்களின் வட்டம் அது. அவர்களுக்குப் போட்டியாக எழும்பூர் கோஷ்டி என்று ஒன்றும் இருந்தது. வரலாற்று நூல்கள் இந்த இரு கோஷ்டிகளைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதியிருக்கின்றன. அதே மயிலாப்பூரிலும் அதை ஒட்டிய இராயப்பேட்டையிலும் வெள்ளைக்காரர் வீட்டுச் சமையற்காரர்களும் குதிரைக்காரர்களும் அச்சகத் தொழிலாளர்களும் வாழ்ந்த சேரிகள் இருந்தன. பண்டிதர் அயோத்திதாசர் 1907-இல் தமிழன் இதழைத் தொடங்கியது இராயப்பேட்டையில்தான். மயிலை என்ற ஊர்ப் பெயரைத் தன் பெயருக்கு முன்னால் வைத்துக்கொண்டு சட்டசபைக்குள் போன ஆதிதிராவிடர், கோஷ்டி கணக்கில் எந்த இடத்திலும் வராதவர்.

ராஜா 1883 ஜூன் 17 அன்று பரங்கிமலையில் பிறந்தார். தந்தை லாரன்ஸ் அசைலம் அச்சகத்தில் மேலாளர். அச்சகம் என்பது அன்றைக்கு நம் மக்களில் ஒரு சிறு பகுதியினருக்குக் கிடைத்த அரிய வாசல். எழுத்துக் கோப்பவர் படிக்கத் தெரிந்தவராக இருக்க வேண்டும். படிக்கத் தெரிந்த வீட்டில் பிள்ளையும் படிக்கும். ராஜா இராயப்பேட்டை வெஸ்லி பள்ளியிலும் வெஸ்லி கல்லூரியிலும் படித்தார். பிறகு சென்னைக் கிறித்துவக் கல்லூரியில் பட்டம் பெற்றார். அந்தக் கல்லூரி அப்போது தாம்பரத்துக்குப் போகவில்லை, நகரத்துக்குள்ளேயே இருந்தது. படிப்பு முடிந்ததும் ஆசிரியர் ஆனார். பாடப்புத்தகங்கள் எழுதினார். பிற்காலத்தில் ரங்கநாயகி அம்மாளோடு சேர்ந்து கிண்டர்கார்டன் ரூம் என்ற குழந்தைப் பாடல் நூலையும் வெளியிட்டார். சட்டசபையில் முழங்கிய தலைவர் ஒருவர் மழலையர் வகுப்புக்குப் பாட்டுத் தொகுத்தார் என்பது நம்மில் பலருக்குத் தெரியாது. அவர் வாழ்க்கையில் நமக்கு மிகவும் பிடித்த செய்தி இது.

இரட்டைமலை சீனிவாசன் 1890-களில் கட்டிய மகாஜன சபை, பின்னர் ஆதிதிராவிட மகாஜன சபையாக உயிர் பெற்றது. 1916-இல் ராஜா அதன் செயலாளர் ஆனார். அதே ஆண்டில்தான் பிராமணரல்லாதார் இயக்கம், நீதிக்கட்சி என்று நாம் அழைக்கும் அமைப்பாக உருவெடுத்தது. ராஜா அதனோடு நின்றார். 1919 சீர்திருத்தச் சட்டத்தின்படி அமைந்த சென்னை சட்டசபைக்கு, ஒடுக்கப்பட்ட வகுப்பாரின் பிரதிநிதியாக உள்ளே போனார்.

எப்படிப் போனார் என்பதைக் கவனிக்க வேண்டும். அன்று சொத்தும் வரியும் உள்ளவருக்குத்தான் வாக்கு. சேரியில் வாக்குரிமை பெற்றவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். ஆகவே ஒடுக்கப்பட்டோருக்கு அரசே சிலரை நியமித்தது. நியமன உறுப்பினருக்குத் தொகுதி கிடையாது. ஊருக்குப் போய் நன்றி சொல்ல வேண்டியதும் இல்லை, கேள்வி கேட்க ஊரில் யாரும் இல்லை. அவரை அனுப்பியவர் கவர்னர். நம் பிரதிநிதித்துவத்தின் முதல் வடிவம் இதுதான். பேச வாய் கிடைத்தது, பின்னால் நிற்கக் கூட்டம் இல்லை.

அந்த நிலையிலும் ராஜா சும்மா இருக்கவில்லை. 1921-இல் பெரம்பூர் பக்கிங்காம், கர்நாட்டிக் ஆலைகளில் ஏறத்தாழ ஆறு மாதம் வேலைநிறுத்தம் நடந்தது. ஆதிதிராவிடத் தொழிலாளர்களில் பெரும்பாலோர் வேலைக்குப் போனார்கள். கையிருப்பு இல்லாத, கடன் தர ஆள் இல்லாத குடும்பங்கள் அவை. புளியந்தோப்பில் மோதல் மூண்டது. சேரிக் குடிசைகள் எரிந்தன. துப்பாக்கிச் சூடும் நடந்தது. தொழிற்சங்கப் போராட்டம் சாதிக் கலவரமாக மாறிய அந்தக் கதையை இரு பக்கமும் இன்றுவரை வேறு வேறாகத்தான் சொல்கின்றன. அதில் யார் சொல்வது சரி என்பது தனிக் கட்டுரைக்கு உரியது. நமக்கு இங்கே வேண்டியது நீதிக்கட்சித் தலைவர்கள் எடுத்த நிலை. அரசின் தொழிலாளர் துறை ஆதிதிராவிடர்களுக்குச் செல்லம் கொடுத்ததே இத்தனைக்கும் காரணம் என்றார்கள். இன்று தி. நகர் யார் பெயரைத் தாங்கி நிற்கிறதோ அந்தத் தியாகராயச் செட்டியாரும் அப்படிச் சொன்னவர்தான். தொழிலாளர் துறை என்று அவர்கள் குறிப்பிட்டது, சேரிக்கு வீட்டுமனை, கிணறு, பள்ளிக்கூடம் ஏற்படுத்த அப்போதுதான் தொடங்கப்பட்டிருந்த துறை. வீடு இழந்தவர்களே குற்றவாளிகள் ஆனார்கள். ராஜா தன் கட்சியையே எதிர்த்துப் பேச வேண்டி வந்தது. 1923-இல் கட்சியை விட்டு வெளியேறினார்.

இடையில், 1922-இல், பெயர் மாற்றத் தீர்மானம். பறையர், பஞ்சமர் என்ற சொற்களை அரசு ஆவணங்களிலிருந்து நீக்கி, தமிழ்ப் பகுதியில் ஆதிதிராவிடர் என்றும் தெலுங்குப் பகுதியில் ஆதிஆந்திரர் என்றும் எழுத வேண்டும் என்று கேட்டார். அரசு அவ்வாண்டு மார்ச்சில் ஆணை இட்டது. பெயரை மாற்றினால் சோறு கிடைக்குமா என்று அன்றும் கேலி பேசினார்கள், இன்றும் பேசுகிறார்கள். பள்ளிச் சேர்க்கைப் பதிவேட்டில், பட்டாவில், நீதிமன்றச் சாட்சிப் பட்டியலில் ஒரு மனிதனை எந்தச் சொல்லால் எழுதுகிறார்கள் என்பது, அந்த அலுவலகத்தில் அவனை எங்கே நிற்க வைக்கிறார்கள் என்பதோடு சேர்ந்தது. கிராமத்தில் மனுக் கொடுக்கப் போன எவருக்கும் இதை விளக்கத் தேவையில்லை. சொல்லும் ராஜாவின் கண்டுபிடிப்பு இல்லை. அதற்கு முந்தைய கால் நூற்றாண்டாக நம் முன்னோர் நடத்திய இதழ்களிலும் சபைகளிலும் புழங்கி வந்த சொல்லை அவர் அரசின் ஏட்டில் ஏற வைத்தார். 1925-இல் ஒடுக்கப்பட்ட இந்துக்கள் என்ற பொருளில் ஆங்கில நூல் ஒன்றும் எழுதினார்.

அடுத்த ஆண்டில் அகில இந்திய ஒடுக்கப்பட்ட வகுப்பார் சங்கத்தின் தலைவர். அதையொட்டி டில்லி மத்திய சட்டசபையில் நியமன உறுப்பினர். சைமன் குழுவோடு சேர்ந்து இயங்க அமைக்கப்பட்ட இந்திய மத்தியக் குழுவிலும் இடம் பெற்றார். அதற்குத் தலைவர் சங்கரன் நாயர். முன்னே சொன்ன எழும்பூர் கோஷ்டிக்காரர். அம்பேத்கர் அப்போது பம்பாய் மாகாணத்தில் வளர்ந்துவந்த இளைய தலைவர். ராஜாவைவிட எட்டு வயது சிறியவர். அகில இந்திய அளவில் ஒடுக்கப்பட்டோரின் குரல் என்றால் 1920-களின் கடைசியில் மயிலை ராஜாவின் பெயரே முதலில் வரும்.

1930-இல் இலண்டன் வட்டமேசை மாநாட்டுக்கு அழைப்பு வந்தபோது அந்தப் பட்டியலில் அவர் இல்லை. அம்பேத்கரும் இரட்டைமலை சீனிவாசனும் போனார்கள். இது அவரை வருத்தியிருக்கும் என்று ஊகிப்பதில் தவறில்லை. அடுத்த இரண்டு ஆண்டுகளில் அவர் செய்ததை முழுக்க அந்த மனத்தாங்கலின் கணக்கில் எழுதுவது மட்டும் சரியாகப்படவில்லை.

இந்த இடத்தில் மாணவர்கள் இரண்டு சொற்களைப் பிரித்துக்கொள்ள வேண்டும். தனி வாக்காளர் தொகுதி வேறு, தனித்தொகுதி வேறு. தேர்வுக் கையேடுகளே இதில் குழப்புகின்றன. தனி வாக்காளர் தொகுதியில் நம் மக்கள் மட்டும் வாக்களித்து நம் ஆளைத் தேர்ந்தெடுப்பார்கள். தனித்தொகுதியில் நிற்பவர் நம் ஆளாக இருப்பார், வாக்களிப்பவர்கள் ஊரும் சேரியும் சேர்ந்த அனைவரும். நூறு வாக்குள்ள ஓர் ஊரில் சேரிக்கு இருபது வாக்கு என்று வைத்துக்கொள்வோம். முதல் முறையில் அந்த இருபது பேர் யாரைச் சொல்கிறார்களோ அவர் வெல்வார். இரண்டாவது முறையில் அந்த இருபதும் கிடைக்காவிட்டாலும், மற்ற எண்பதில் பெரும்பகுதியை வாங்கியவர் வெல்வார்.

ராஜா முதலில் முதல் முறையைத்தான் ஆதரித்தார். 1931-இல் அம்பேத்கரின் கோரிக்கைக்கு அவருடைய சங்கமும் துணை நின்றது. 1932 தொடக்கத்தில் அவர் மாறினார். இந்து மகாசபைத் தலைவர் மூஞ்சேயுடன் ஒப்பந்தம் செய்துகொண்டு, மக்கள்தொகைக்கு ஏற்ற ஒதுக்கீட்டு இடங்களோடு கூட்டு வாக்காளர் தொகுதி போதும் என்று பிரிட்டிஷ் அரசுக்குத் தெரிவித்தார். இரட்டைமலை சீனிவாசனும் அம்பேத்கரும் இதைக் கடுமையாக எதிர்த்தார்கள். சென்னையில் நம் மக்களே இரண்டாகப் பிரிந்து கூட்டம் போட்டார்கள்.

அவர் ஏன் மாறினார்? சென்னை மாகாணத்தில் நம் மக்கள் ஏறக்குறைய எல்லாக் கிராமங்களிலும் இருந்தார்கள், எந்தக் கிராமத்திலும் பெரும்பான்மையாக இல்லை. கூலியும் தண்ணீரும் நடைபாதையும் ஊர்க்காரர் கையில். தேர்தல் அன்று தனியாகப் பிரிந்து நின்றால் மறுநாள் காலையில் வேலைக்கு யாரிடம் போவது என்ற கேள்வி வெறும் சாக்கு அன்று. ஊர்க்காரர் நம் வாக்கைத் தேடி வரும்படி செய்தால் அவர்கள் நம்மிடம் பேசவாவது வேண்டிவரும் என்று அவர் நம்பியிருக்க வேண்டும். வாக்கு தேவைப்படுகிறவன் மரியாதை தருவான் என்ற கணக்கு. எங்கள் கருத்தில் அது தவறான கணக்கு. துரோகம் என்ற சொல்லை அதற்குப் போடுவது வரலாற்றைப் படிக்கச் சோம்பல்படுவதாகும்.

1932 ஆகஸ்டில் பிரிட்டிஷ் அரசு வகுப்புவாரித் தீர்ப்பை வெளியிட்டது. ஒடுக்கப்பட்டோருக்குத் தனி வாக்காளர் தொகுதியும் பொதுத் தொகுதியில் இன்னொரு வாக்கும் கிடைத்தன. சென்னை மாகாணத்துக்கு 18 இடங்கள். எரவாடா சிறையில் இருந்த காந்தி செப்டம்பர் 20 அன்று உண்ணாவிரதம் தொடங்கினார். நான்கு நாளில், செப்டம்பர் 24 அன்று, பூனா ஒப்பந்தம் கையெழுத்தானது. அம்பேத்கர், சீனிவாசன், ராஜா மூவருமே கையெழுத்திட்டார்கள். மறுபக்கம் மாளவியா, சாப்ரு, ராஜேந்திர பிரசாத் போன்றோருடன் ராஜகோபாலாச்சாரி. கையெழுத்திட்ட மகிழ்ச்சியில் ராஜாஜியும் அம்பேத்கரும் பேனாவை மாற்றிக்கொண்டார்கள் என்று சொல்வதுண்டு. அந்தக் கையெழுத்துகளில் ராஜாஜியுடையதும் ராஜாவுடையதும் மீண்டும் நேருக்கு நேர் வரும் நாள் ஆறு ஆண்டு தள்ளி இருந்தது.

பூனா ஒப்பந்தத்தில் இரண்டு பேரின் திட்டமும் கலந்திருந்தது. கூட்டு வாக்காளர் தொகுதியும் ஒதுக்கீட்டு இடமும் ராஜா கேட்டவை. எண்ணிக்கை பெருகியது: மாகாணங்கள் அனைத்துக்கும் சேர்த்து 148, சென்னைக்கு மட்டும் 30. அம்பேத்கர் வாதாடிப் பெற்றது முதல்நிலைத் தேர்தல். ஒவ்வொரு தனித்தொகுதியிலும் முதலில் நம் மக்கள் மட்டும் வாக்களித்து நான்கு பேரைத் தேர்ந்தெடுப்பார்கள். அந்த நால்வரில் ஒருவரைத்தான் பிறகு எல்லோரும் சேர்ந்து தேர்ந்தெடுக்க முடியும். சேரி ஏற்காத ஒருவரை ஊர் கொண்டுவந்து நிறுத்த முடியாது என்ற காப்பு அதில் இருந்தது. அரைக் காப்பு என்றும் சொல்லலாம். நான்காவதாக வந்தவரைக்கூட ஊர் தன் வாக்கால் ஜெயிக்க வைத்துவிடும்.

1937 தேர்தலில் இந்த முறை நடைமுறைக்கு வந்தது. சென்னை மாகாணத்தின் 30 தனித்தொகுதிகளில் காங்கிரஸ் 26-ஐப் பிடித்தது. சட்டசபையின் 215 இடங்களில் காங்கிரசுக்கு மொத்தம் 159. ஆட்சி ஏற்பதில் காங்கிரஸ் இழுத்தடித்ததால் ஏப்ரல் முதல் ஜூலை வரை வெங்கட ரெட்டி நாயுடு தலைமையில் ஓர் இடைக்கால மந்திரிசபை அமைந்தது. ராஜா அதில் வளர்ச்சித் துறை மந்திரி. பெரும்பான்மை இல்லாத, மூன்றரை மாதம் மட்டுமே நீடித்த அரசு. அதில் செய்ய முடிந்தது சொற்பம்.

ஜூலையில் ராஜாஜி பிரதமர் ஆனார். அப்போது மாகாண முதல்வரை அப்படித்தான் அழைத்தார்கள். எதிர்வரிசையில் இருந்த ராஜா 1938-இல் இரண்டு மசோதாக்களைக் கொண்டுவந்தார். ஒன்று, பொதுக் கிணறு, குளம், சாலை, வண்டி வாகனம் ஆகியவற்றில் நம் மக்களைத் தடுப்பது குற்றம் என்றது. அது நிறைவேறி அந்த ஆண்டின் 21-ஆம் சட்டமானது. தீண்டாமைக் கொடுமையைச் சட்டப்படி குற்றமாக்கிய தொடக்ககாலச் சட்டங்களில் அது ஒன்று. 1955-இல் வந்த நாடு தழுவிய சட்டத்தைப் படிப்பவர்கள், அதற்கு 17 ஆண்டுகள் முந்தைய இந்தச் சென்னைச் சட்டத்தையும் சேர்த்துப் படிக்க வேண்டும்.

மற்றொன்று கோயில் நுழைவு மசோதா. எல்லாக் கோயிலையும் ஒரே நாளில் திறந்துவிடும் மசோதா அன்று அது. கோயிலைத் திறக்கலாம் என்று அந்தந்த இடத்து இந்துக்களில் பெரும்பாலோர் விரும்பினால், சட்டம் குறுக்கே நிற்கக் கூடாது என்ற அளவுக்கு அடக்கமானது. 1932-இல் காங்கிரஸ் தலைவர்களே வாழ்த்தி வரவேற்ற சுப்பராயனின் மசோதாவை ஒத்தது. ஆகவே அரசு ஆதரிக்கும் என்று ராஜா எதிர்பார்த்தார். ராஜாஜி எதிர்த்தார். முதலில் மலபாருக்கு மட்டும் ஒரு சட்டம் செய்து பார்க்கலாம், மாகாணம் முழுவதும் இப்போது வேண்டாம் என்பது அவர் நிலை. தந்திரமாக, படிப்படியாகப் போக வேண்டும் என்று அவர் நினைத்திருக்கலாம். மலபார் சட்டம் வந்தது உண்மை. 1939 ஜூலை 8 அன்று வைத்தியநாத ஐயர் தலைமையில் கக்கன் முதலியோர் மதுரை மீனாட்சியம்மன் கோயிலுக்குள் நுழைந்ததும், அதற்குப் பாதுகாப்பாக அதே ஆண்டில் இன்னொரு சட்டம் வந்ததும் உண்மை. ஆனால் மாகாணத்தின் எல்லாக் கோயில்களுக்குமான சட்டம் வர 1947 ஆயிற்று. மயிலைப் பெயர் தாங்கியவர் அப்போது உயிரோடு இல்லை.

ராஜாவின் மசோதா 1938 ஆகஸ்டில் தோற்றது. அங்கேதான் 26 என்ற எண்ணின் பொருள் தெரிந்தது. தனித்தொகுதிகளில் ஜெயித்து வந்த அந்த 26 பேரும் நம்மவர்கள். அவர்களில் நேர்மையானவர்கள் இருந்தார்கள், தியாகிகளும் இருந்தார்கள். கட்சிக் கொறடாவின் கட்டுப்பாட்டுக்குள் அவர்கள் நின்றார்கள். கோயில் வாசலில் தடுக்கப்பட்ட மக்களின் பெயரால் உள்ளே வந்தவர்கள், அந்த வாசலைத் திறக்கும் மசோதாவைக் காப்பாற்ற முடியவில்லை. ராஜா காந்திக்குக் கடிதம் எழுதி முறையிட்டார். பூனாவில் தந்த வாக்கு என்னவாயிற்று என்பதே அந்த முறையீட்டின் சாரம். ராஜாஜி மீது நம்பிக்கை வைக்கும்படி பதில் வந்தது. பின்னர் அம்பேத்கர், காங்கிரசும் காந்தியும் தீண்டப்படாதோருக்குச் செய்தது என்ன என்று எழுதிய நூலில், இந்த நிகழ்ச்சியை விரிவாக எடுத்து வைத்தார். ராஜா தான் 1932-இல் வைத்த கணக்கின் விடையை ஆறு ஆண்டுகளில் சட்டசபையில் உட்கார்ந்து பார்த்தார். நம் வாக்கு தேவைப்படுகிறவன் நம்மை மதிப்பான் என்பது அந்தக் கணக்கு. ஊர் வாக்கு தேவைப்படும் நம் ஆள் என்ன செய்வான் என்பது அதில் விட்டுப்போன கேள்வி.

அதன்பின் அவர் அம்பேத்கர் பக்கம் நெருங்கி வந்தார். 1942 மார்ச்சில் கிரிப்ஸ் தூதுக்குழு வந்தபோது இருவரும் சேர்ந்தே கிரிப்சைச் சந்தித்து, அந்தத் திட்டத்தில் நம் மக்களுக்குப் பாதுகாப்பு இல்லை என்று எடுத்துச் சொன்னார்கள். பத்து ஆண்டு முன் எதிரெதிராக நின்ற இருவர் அவர்கள். மாற்றுக் கருத்தை மறக்காமலும் அதைக் காட்டி விலகி நிற்காமலும் ஒரே தாளில் கையெழுத்திட்டார்கள். இன்றைய நம் அமைப்புகளின் தலைவர்கள் இந்தப் பக்கத்தை ஒருமுறை புரட்டினால் நல்லது. அடுத்த ஆண்டு, 1943 ஆகஸ்ட் 20 அன்று, ராஜா காலமானார். அறுபது வயது.

அவர் இறந்த பிறகு நடந்தவற்றையும் சொன்னால்தான் கதை நம் ஊருக்கு வரும். 1945-46 தேர்தலில் அம்பேத்கரின் ஷெட்யூல்டு காஸ்ட் ஃபெடரேஷன் முதல்நிலைத் தேர்தலில் பல இடங்களில் நல்ல வாக்கு வாங்கியது. எல்லோரும் சேர்ந்து வாக்களித்த இறுதித் தேர்தலில், நாடு முழுவதும் இருந்த 151 தனித்தொகுதிகளில் அதற்குக் கிடைத்தவை இரண்டே. சுதந்திரத்துக்குப் பிறகு முதல்நிலைத் தேர்தலே கைவிடப்பட்டது. 1947 ஆகஸ்டில் அரசியல் நிர்ணய சபையில், சென்னை மாகாணத்திலிருந்து போயிருந்த நாகப்பா ஒரு திருத்தம் கொண்டுவந்தார். தனித்தொகுதியில் ஜெயிப்பவர் தன் மக்களின் வாக்கில் குறைந்தது 35 சதவீதமாவது பெற்றிருக்க வேண்டும் என்று கேட்டார். வல்லபாய் படேல் எதிர்த்தார், திருத்தம் ஏற்கப்படவில்லை. அரசியலமைப்பின் 330, 332 ஆகிய பிரிவுகள் இடத்தை ஒதுக்கின. யார் அனுப்புவது என்ற கேள்வியை விட்டுவிட்டன. பூனா ஒப்பந்தத்திலிருந்து அம்பேத்கர் பெற்ற பகுதியைக் கழித்தால் மிஞ்சுவது 1932 தொடக்கத்தில் ராஜாவும் மூஞ்சேயும் எழுதிய வடிவம். நாம் இன்று வாக்களிப்பது அதில்தான். 1952-இல் பம்பாயில் ஒதுக்கீட்டு இடத்தில் நின்ற அம்பேத்கரே தோற்றுப்போனார்.

முதல் இரண்டு பொதுத் தேர்தல்களில் பல இடங்களில் ஒரே தொகுதிக்கு இரண்டு உறுப்பினர்கள். ஒருவர் பொது, ஒருவர் ஒதுக்கீடு. 1957-இல் ஆந்திராவின் பார்வதிபுரத்தில் இப்படிப்பட்ட மக்களவைத் தொகுதி ஒன்றில் இரண்டு இடத்தையும் பழங்குடி வேட்பாளர்களே பிடித்துவிட்டார்கள். தோற்றவர் பின்னாளில் குடியரசுத் தலைவரான வி.வி. கிரி. உச்ச நீதிமன்றம் வரை போயும் 1959-இல் அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பு வரவில்லை. 1961-இல் இரட்டை உறுப்பினர் தொகுதிகளை ஒழிக்கும் சட்டம் வந்தது. ஒதுக்கீட்டு வேட்பாளர் பொது இடத்திலும் ஜெயிக்க இருந்த வழி அதோடு அடைபட்டது என்பதைப் பலர் கவனிப்பதில்லை.

இப்போது தமிழகத்தின் 234 தொகுதிகளில் 44 பட்டியல் சாதியினருக்கு, 2 பழங்குடியினருக்கு. மயிலாப்பூர் பொதுத்தொகுதி. சென்னை நகரத்தில் எழும்பூரும் திரு.வி.க. நகரும் தனி. நகரத்தைச் சுற்றிப் பூந்தமல்லி, பொன்னேரி, திருப்பெரும்புதூர் தனி; தெற்கே செய்யூர், மதுராந்தகம் தனி. கட்சிக்காரர்கள் இவற்றில் சிலவற்றைப் பாதுகாப்பான தொகுதி என்று சொல்லக் கேட்கிறோம். யாரை நிறுத்தினாலும் சின்னம் ஜெயிக்கும் என்பது அதன் பொருள். பட்டியல் தலைமை அலுவலகத்தில் தயாராகிறது. அதில் எந்தப் பெயர் ஏறும் என்று முடிவு செய்யும் மாவட்டச் செயலாளர் பெரும்பாலும் நம்மவராக இருப்பதில்லை. சாதிச் சான்றிதழ் வேட்பாளருடையது, தொகுதி கட்சியுடையது. இப்படியும் சட்டமன்றத்தில் எழுந்து நின்று சேரிக்காகப் பேசிய உறுப்பினர்கள் இருந்திருக்கிறார்கள். அவர்களைக் குறைத்துச் சொல்லவில்லை. எதிர்த்துப் பேசினால் அடுத்த முறை சீட்டு கிடைக்குமா என்ற பயத்தோடு பேசினார்கள் என்பதையே சொல்கிறோம்.

சைதாப்பேட்டையில் எம்.சி. ராஜா பெயரில் அரசு கல்லூரி மாணவர் விடுதி இருக்கிறது. பிறந்த பரங்கிமலைக்கும் பெயரில் தாங்கிய மயிலைக்கும் நடுவில் உள்ள இடம். வெளி மாவட்டங்களிலிருந்து சென்னைக்குப் படிக்க வந்த நம் பிள்ளைகள் பலருக்கு முதல் முகவரி அதுதான். அங்கே தங்கியிருக்கும் தம்பிகளுக்கு ஒரு வேண்டுகோள். ராஜாவின் பேச்சுகளும் எழுத்துகளும் தமிழில் தொகுப்பாக வந்திருக்கின்றன. அவர் தனி வாக்காளர் தொகுதி கேட்ட காலத்தில் எழுதியதையும், அதை மறுத்துக் கூட்டுத் தொகுதி கேட்டபோது எழுதியதையும், 1938-க்குப் பிறகு எழுதியதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து விடுதி அறையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை படித்து விவாதியுங்கள். ஊருக்கு விடுமுறையில் போகும்போது, உங்கள் தொகுதி தனியா பொதுவா, கடந்த மூன்று தேர்தல்களில் வேட்பாளரை யார் தீர்மானித்தார்கள் என்று வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டு எழுதிக்கொண்டு வாருங்கள்.